காதைப் பொத்தும் குழந்தை: நம்பிக்கைகளும் உண்மைகளும்

குக்கர் விசிலுக்கு அலறும் குழந்தை, மிக்ஸி ஓடினால் அம்மாவின் காலைக் கட்டிக்கொள்ளும் குழந்தை, கெட்டிமேளம் கொட்டியதும் மண்டபத்தை விட்டு வெளியே ஓடும் குழந்தை. ஏறக்குறைய எல்லாச் சொந்தத்திலும் இப்படி ஒன்று உண்டு. அதைப் பற்றி ஆளுக்கொரு தீர்ப்பும் உண்டு. பயந்தாங்கொள்ளி என்பார் ஒருவர். செல்லம் கொடுத்துக் கெடுத்துவிட்டீர்கள் என்பார் இன்னொருவர். அந்தச் சத்தம் குழந்தைக்கு உண்மையிலேயே வலிக்கலாம் என்பது மட்டும் பேச்சில் வருவதில்லை. வர வேண்டும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

“தூக்கிவாரிப் போட்டு அழுகிறதா? எதையோ பார்த்துப் பயந்திருக்கிறது. மந்திரிக்க வேண்டும்.”

கதவு படாரென்று சாத்தும்போது பச்சிளங்குழந்தை இரு கைகளையும் விரித்து உதறி, பிறகு மார்போடு சேர்த்துக்கொண்டு வீறிடும். இது பயந்த கோளாறு அல்ல. ‘மோரோ’ அனிச்சைச் செயல் என்று பெயர். நரம்பு மண்டலம் ஒழுங்காக வேலை செய்கிறது என்பதற்கு அடையாளம். பிறந்த குழந்தையைப் பரிசோதிக்கும் மருத்துவர் இது இருக்கிறதா என்று தேடித்தான் பார்ப்பார், இல்லையென்றால்தான் கவலைப்படுவார். நான்கு முதல் ஆறு மாதத்துக்குள் தானாக மறைந்துவிடும். அதுவரை, குழந்தையின் நெஞ்சில் உள்ளங்கையை இதமாக அழுத்தி வைத்தாலோ தோளோடு அணைத்துக்கொண்டாலோ அடங்கும். பாட்டி திருநீறு பூசி ஆறுதல் அடைந்தால் அடையட்டும்.

ஆனால் மந்திரித்துவிட்டு வீட்டிலேயே இருந்துவிடக் கூடாத ஒரு நிலைமை இருக்கிறது. சத்தம் எதுவும் இல்லாமல், பெரும்பாலும் தூங்கி எழும் நேரத்தில், சில வினாடி இடைவெளி விட்டு வரிசையாகத் தலையும் கைகளும் வெட்டி வெட்டி மடங்கினால், அது ஒரு வகை வலிப்பாக இருக்கலாம். பெரும்பாலும் முதல் வயது முடிவதற்குள் வருவது இது. செல்போனில் படம் பிடித்து அன்றே குழந்தை மருத்துவரிடம் காட்டுங்கள். நாள் தள்ளிப்போனால் மூளை வளர்ச்சியே பாதிக்கப்படக்கூடும். முதலில் சொன்ன, சத்தத்துக்குத் தூக்கிவாரிப் போடும் மோரோ அனிச்சை ஆறு மாதம் கடந்தும் குறையாமல் நீடித்தாலும் மருத்துவரைப் பார்க்க வேண்டும்.

“சத்தத்திலேயே விட்டால்தான் பழகும்.”

இந்த நம்பிக்கையால் வரும் தீங்குதான் மற்ற எல்லாவற்றையும்விடப் பெரிது. அழுகிற பிள்ளையின் கையைக் காதிலிருந்து பிரித்தெடுத்து, வெடிக்குப் பக்கத்தில் நிறுத்தி, ‘பார், ஒன்றுமில்லை’ என்று காட்டுகிறார்கள். பிள்ளை அங்கே பழகிக்கொள்வது சத்தத்தை அல்ல. தான் அழுதாலும் பெரியவர்கள் விடமாட்டார்கள் என்பதைத்தான். அடுத்த முறை தீப்பெட்டியைப் பார்த்ததுமே அழுகை தொடங்கிவிடும்.

குழந்தை சொல்வது மிகை என்ற எண்ணம் இதற்கு அடியில் இருக்கிறது. கனடாவின் கால்கரி நகரைச் சேர்ந்த நோரா கீகன் என்ற சிறுமி, பொதுக் கழிவறைகளில் கை உலர்த்தும் மின்கருவிகளின் இரைச்சல் காதை வலிக்கச் செய்கிறது என்று குழந்தைகள் சொல்வதைச் சோதித்துப் பார்க்க முடிவு செய்தார். குழந்தைகளின் காது இருக்கும் உயரத்தில் ஒலி அளக்கும் கருவியை வைத்து அளந்தார். சில இயந்திரங்கள் 100 டெசிபலைத் தாண்டின. குழந்தைகள் சொல்வது சரியே என்ற அவருடைய கட்டுரை 2019-இல் ஒரு குழந்தை மருத்துவ இதழில் வெளியானபோது அவருக்கு வயது 13. பெரியவர்களின் உயரத்தில் நின்று அளந்தால் குழந்தைக்குக் கேட்பது தெரியாது. போதாததற்கு, கைக்குழந்தையின் செவிக்குழாய் குறுகலானது, சின்னது. அதனால் கீச்சென்ற உயர்சுருதி ஒலிகளை நம் காதைவிட அதிகமாக அது பெருக்கிக் கொடுக்கிறது.

பழக்கவே கூடாது என்று நான் சொல்லவில்லை. ஒன்றரை வயதிலிருந்து மூன்று வயது வரை மிக்ஸி, டாய்லெட் ஃபிளஷ் போன்றவற்றுக்குப் பயப்படுவது மிகவும் சாதாரணம். பழக்குவதற்கு முறை இருக்கிறது. ‘இப்போது மிக்ஸி போடப் போகிறேன்’ என்று முன்கூட்டிச் சொல்லுங்கள். முதலில் குழந்தை அடுத்த அறையில், அப்பாவின் இடுப்பில் இருக்கட்டும். சில நாள் கழித்துச் சமையலறை வாசலில். ஓடாத மிக்ஸியைத் தொட்டுப் பார்க்கட்டும். பிறகு உங்கள் கையைப் பிடித்தபடி அதுவே சுவிட்சைப் போடட்டும், அதுவே அணைக்கட்டும். எப்போது வரும், எப்போது நிற்கும் என்பது தன் கையில் இருக்கும்போது அதே சத்தத்தைக் குழந்தையால் தாங்க முடிகிறது. இதில் அவசரமே கூடாது. ஒரு படியில் அழுதால் முந்தைய படிக்குத் திரும்புங்கள்.

“குழந்தை தூங்கினால் வீட்டில் ஊசி விழும் சத்தம்கூடக் கேட்கக் கூடாது.”

தேவையில்லை. தூங்கும் பச்சிளங்குழந்தையின் அருகே கிலுகிலுப்பையை விட்டுவிட்டு ஆட்டினால் முதலில் துள்ளும், பிறகு துள்ளல் குறையும், கடைசியில் கண்டுகொள்ளாது. அமெரிக்க மருத்துவர் பிரேசல்டன் 1973-இல் வெளியிட்ட, பிறந்த குழந்தைகளுக்கான மதிப்பீட்டு முறையில் இது ஒரு சோதனையாகவே இருக்கிறது. தேவையற்ற ஒலியைத் தள்ளிவிடக் கற்பது மூளையின் வேலை. சாதாரணப் பேச்சும் பாத்திர ஓசையும் இருக்கட்டும். குறைமாதத்தில் பிறந்தவர்கள் மட்டும் விதிவிலக்கு. திடீர் சத்தத்தில் அவர்களுடைய இதயத் துடிப்பு தாறுமாறாகும். ரத்தத்தில் ஆக்சிஜன் குறையும். பச்சிளங்குழந்தைத் தீவிர சிகிச்சைப் பிரிவில் ஓசை 45 டெசிபலைத் தாண்டக் கூடாது என்று அமெரிக்கக் குழந்தை மருத்துவக் கழகம் 1997-இலேயே சொன்னது அதனால்தான்.

தூங்க வைக்க ‘ஒயிட் நாய்ஸ்’ என்ற ஒரே சீரான இரைச்சலைப் போடும் பழக்கம் இப்போது இங்கேயும் வந்துவிட்டது. டொரன்டோவில் இந்த இரைச்சலை எழுப்பும் 14 கருவிகளைச் சோதித்து, முடிவுகளை 2014-இல் வெளியிட்டார்கள். முழு அளவில் வைத்து 30 சென்டிமீட்டர் தூரத்தில் அளந்தபோது மூன்று கருவிகள் 85 டெசிபலைத் தாண்டின. தலைமாட்டில் செல்போனை வைத்து இரவு முழுக்க ஓடவிடாதீர்கள். ஆறேழு அடி தள்ளி, மெல்லிய ஒலியில், குழந்தை தூங்கும்வரை மட்டும் போதும்.

“சின்னச் சத்தத்துக்கே துள்ளுகிறான். காது பிரமாதமாகக் கேட்கிறது!”

பெற்றோர் நிறையப் பேர் ஏமாறும் இடம் இது. உள்காதில் இருக்கும் ஒரு வகை மயிர்ச்செல்கள் மெல்லிய ஒலியைப் பெருக்கித் தருகின்றன. அவை பழுதானால் மெல்லிய ஒலி கேட்காமல் போகும். பலத்த ஒலி மட்டும் முன்போலவே வந்து அறையும். ‘கேட்கவில்லை’ என்பதற்கும் ‘தாங்க முடியவில்லை’ என்பதற்கும் நடுவே உள்ள இடைவெளி சுருங்கிவிடும். ஆகவே குக்கருக்கு அலறும் குழந்தை, பின்னாலிருந்து மெதுவாகப் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் திரும்பாமல் இருக்கலாம். முதுகுக்குப் பின்னால் கைதட்டிப் பார்த்துத் திருப்தி அடையாதீர்கள். சளி பிடித்த பிறகு நடுக்காதில் நீர் கோத்தாலும் குழந்தை சத்தத்துக்குச் சிடுசிடுக்கும். ஓ.ஏ.இ., பெரா என்ற செவித்திறன் பரிசோதனைகள் வலியில்லாதவை, கைக்குழந்தைக்கும் செய்யலாம். 2013-இல் தொடங்கிய தேசியக் குழந்தைகள் நலத் திட்டத்தின் கீழ் மாவட்டங்களில் அமைந்த ஆரம்பநிலை இடையீட்டு மையங்களில் செவித்திறனை இலவசமாகச் சோதிக்க வழி இருக்கிறது. இதை உங்கள் பகுதி அரசு மருத்துவமனையில் கேளுங்கள்.

“காதில் பஞ்சு வை. எண்ணெய் விடு.”

பஞ்சு பெயரளவுக்குத்தான் ஒலியைத் தடுக்கும். எண்ணெயால் பயமும் போகாது, காதும் தெளியாது. செவிப்பறையில் ஓட்டை இருந்தால் தொற்றுதான் மிஞ்சும். காதை முழுக்க மூடும் குழந்தைகளுக்கான இயர்மஃப் உண்மையாகவே உதவும். ஆனால் பலத்த சத்தம் உள்ள இடத்தில் போட்டு, அங்கிருந்து வந்ததும் கழற்றிவிட வேண்டும். பெரியவர்களை இரண்டு வாரம் காதடைப்பானோடு இருக்கச் சொல்லி நடத்திய ஓர் ஆய்வு 2003-இல் வந்தது. கழற்றிய பிறகு பழைய ஒலிகளே அவர்களுக்கு முன்பைவிடப் பலமாகக் கேட்டன. ஓசை குறைந்தால் மூளை தன் உணர்திறனைக் கூட்டிவிடுகிறது.

“காதைப் பொத்தினால் ஆட்டிசம்.”

ஆட்டிசம் உள்ள பல குழந்தைகளுக்கு ஒலி கூசும் என்பது உண்மை. 2013-இல் வந்த அமெரிக்க உளநோய் வரையறை நூல் அதை அடையாளங்களில் ஒன்றாகச் சேர்த்தது. ஆனால் அது ஒன்று மட்டும் போதாது. பெயர் சொன்னால் திரும்புகிறதா, வேண்டியதை விரலால் சுட்டிக் காட்டுகிறதா, பேசிய சொற்களை இழந்திருக்கிறதா என்று பாருங்கள். இவற்றில் சந்தேகம் இருந்தால் உடனே காட்டுங்கள். இல்லாவிட்டால், காதைப் பொத்தும் கைகளை மட்டும் வைத்துப் பிள்ளைக்கு முத்திரை குத்த வேண்டாம்.

“வருஷத்துக்கு ஒருநாள்தானே!”

பட்டாசுக்கு இந்தியச் சட்டம் விதித்திருக்கும் உச்சவரம்பு, வெடிக்கும் இடத்திலிருந்து 4 மீட்டரில் 125 டெசிபல். ஒரு காதில் உள்ள மயிர்ச்செல்கள் சுமார் 15,000. செத்தவை மறுபடி முளைப்பதில்லை. காதருகே ஒரே ஒரு வெடி போதும், ஆயுளுக்கும் பாதிப்பு நிற்க. தமிழ்நாட்டில் தீபாவளிக்குக் காலை 6 முதல் 7, மாலை 7 முதல் 8 என்று நேரம் ஒதுக்கியிருக்கிறார்கள். அந்த நேரங்களில் குழந்தையைத் தெருப்பக்கம் இல்லாத அறையில், ஜன்னலைச் சாத்தி, உங்களில் ஒருவர் கூடவே இருந்து பார்த்துக்கொள்ளுங்கள். கல்யாண மண்டபத்தில் ஸ்பீக்கர் பாக்ஸுக்கு எதிரே உட்காராதீர்கள். திறந்தவெளியில் தூரம் இரட்டிப்பானால் ஒலி 6 டெசிபல் குறையும். மண்டபத்துக்குள் அவ்வளவு குறையாது என்றாலும், நாலு வரிசை பின்னால் போனாலே வித்தியாசம் தெரியும். கைக்குழந்தை இருக்கிறது, கொஞ்சம் குறையுங்கள் என்று மைக் செட்காரரிடம் கேட்கக் கூச்சப்பட வேண்டாம். திறந்தவெளியில் இரவு 10 மணிக்கு மேல் ஒலிபெருக்கிக்குத் தடை இருக்கிறது. அதை மீறினால் காவல் நிலையத்தில் சொல்லலாம்.