பூட்டிய வீட்டின் சாவி

கேள்வி: நாங்கள் ஈக்காட்டுத்தாங்கலில் இருக்கிறோம். என் பாட்டி சென்ற தை மாதம் தன் 93-ஆவது வயதில் காலமானார். சின்ன வயதில் மயிலாப்பூரில் இருந்தவர். "குண்டு போட்ட வருஷம் எவாக்குவேஷன்ல வீட்டைப் பூட்டிண்டு கும்பகோணம் போயிட்டோம்" என்று அடிக்கடி சொல்வார். சில சமயம் அதே பேச்சில் எம்டன் கப்பலும் வந்துவிடும். அவருடைய தகரப் பெட்டியில், நடுவில் ஓட்டை போட்ட ஒரு காசு கறுப்புக் கயிற்றில் கோத்துக் கிடந்தது. சென்னையில் உண்மையிலேயே குண்டு விழுந்ததா? இங்கிலாந்து மக்கள் யுத்த காலத்தை எப்படிக் கழித்தார்கள் என்று எவ்வளவோ படிக்கக் கிடைக்கிறது. நம் ஊரைப் பற்றிப் பாடப் புத்தகத்தில் நான் எதுவும் படித்ததில்லையே, ஏன்? பாட்டியின் தங்கை நங்கநல்லூரில் இருக்கிறார். வயது 89. அவரிடம் கேட்டால் ஏதாவது தெரியுமா?
— ஒரு வாசகி, ஈக்காட்டுத்தாங்கல்

பதில்: அம்மா, உங்கள் பாட்டி ஊரை விட்டுப் போனதாகச் சொன்னது உண்மைதான். ஆனால் அவர் பேச்சில் மூன்று வெவ்வேறு காலங்கள் பின்னிக் கிடக்கின்றன. ஒவ்வொன்றாகப் பிரித்துப் பார்ப்போம்.

முதலில் எம்டன். அது பாட்டி பிறப்பதற்கு முந்தைய கதை. 1914 செப்டம்பர் 22 இரவு அந்த ஜெர்மானியப் போர்க்கப்பல் சென்னைக் கடற்கரைக்கு வந்து சுட்டதில் பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள் பற்றி எரிந்தன. அதன் நினைவுக் கல்வெட்டு உயர் நீதிமன்றச் சுற்றுச்சுவரில் இன்றும் இருக்கிறது. பொல்லாத ஆளை 'சரியான எம்டன்' என்று நாம் சொல்வது அந்த இரவிலிருந்து வந்த வழக்கு. பாட்டியின் அம்மா அந்தப் பீதியைப் பார்த்திருப்பார், அல்லது வீட்டில் பேசக் கேட்டிருப்பார். அதனால்தான் 1942-இல் மறுபடி ஆபத்து வந்தபோது வீட்டில் எம்டன் பேச்சும் கூடவே கிளம்பியது.

அடுத்தது 'எவாக்குவேஷன்'. இரண்டாம் உலக யுத்தத்தின் நடுவில், 1942 பிப்ரவரி 15-இல் சிங்கப்பூர் ஜப்பான் வசமானது. மார்ச் 8-இல் ரங்கூன், 23-இல் அந்தமான். ரங்கூனிலிருந்து தப்பிக் கப்பலில் வந்திறங்கிய தமிழ்க் குடும்பங்கள் பார்த்ததையும் பட்டதையும் சொல்லச் சொல்ல ஊர் கலங்கியது. ஏப்ரல் 5, ஈஸ்டர் ஞாயிறு அன்று கொழும்பில் குண்டு விழுந்தது. மறுநாள் விசாகப்பட்டினத்திலும் காக்கிநாடாவிலும் விழுந்தது. அதே நாள்களில் வங்காள விரிகுடாவில் இருபதுக்கும் மேற்பட்ட வணிகக் கப்பல்களை ஜப்பானியர் மூழ்கடித்தார்கள். அடுத்தது சென்னைதான் என்று எல்லாரும் நம்பினார்கள். ஏப்ரல் இரண்டாம் வாரத்தில், நகரத்தில் இருந்தே ஆகவேண்டிய வேலை இல்லாதவர்கள் வெளியேறிவிடலாம் என்று அரசே சொல்லிவிட்டது. அப்போது சென்னையின் ஜனத்தொகை ஏறத்தாழ 7.8 லட்சம்.

அந்த அறிவிப்பு சித்திரபானு வருஷப் பிறப்பை ஒட்டி வந்தது. பாட்டி பேச்சில் வருஷப் பிறப்பு, வேப்பம்பூப் பச்சடி, பாதியில் நின்ற பரீட்சை என்று ஏதாவது வந்திருந்தால் அது 1942 ஏப்ரல்தான். மயிலாப்பூரிலிருந்து ஜட்கா வைத்து எழும்பூர் ஸ்டேஷன் போய், தெற்கே போகும் ரயிலில் பெட்டி படுக்கை, பாத்திரத்தோடு ஏறிய குடும்பங்களில் உங்கள் குடும்பமும் ஒன்று. அரசு அலுவலகங்கள் பல வெளியூர்களுக்கு மாறின. சென்ட்ரல் அருகே பீப்பிள்ஸ் பார்க்கில் இருந்த மிருகக்காட்சிச் சாலையில், குண்டு விழுந்து கூண்டு உடைந்தால் என்ன ஆவது என்று பயந்து சிங்கம், புலி போன்றவற்றைச் சுட்டுக் கொன்றார்கள். இன்றைக்கும் மனசு ஆறாத செய்தி அது.

இதில் ஒன்று அன்று சென்னையில் யாருக்கும் தெரியாது. ஏப்ரல் 9-இல் திருகோணமலையைத் தாக்கிய கையோடு ஜப்பானியக் கப்பற்படை கிழக்கே திரும்பிவிட்டது. ஊர் காலியானபோது, எந்தப் படைக்குப் பயந்து கிளம்பினார்களோ அந்தப் படை கடலில் இல்லை. அதற்காக, போனவர்களைப் பயந்தாங்கொள்ளிகள் என்று சொல்லிவிட முடியாது. விசாகப்பட்டினத்தில் விழுந்த குண்டு நிஜம்.

உங்கள் நேரான கேள்விக்கு இப்போது வருகிறேன். 1942-இல் சென்னையில் குண்டு விழவில்லை. 1943 அக்டோபரில் ஒரே ஒரு ஜப்பானிய விமானம் வந்து துறைமுகப் பக்கம் குண்டு போட்டது. சேதம் சிறிது. பாட்டி 'குண்டு போட்ட வருஷம்' என்று சொன்னபோது, ஊரை விட்டுப் போன வருஷமும் குண்டு விழுந்த வருஷமும் ஒன்றாகக் கலந்துவிட்டன. பத்து வயதில் பார்த்ததை எண்பது வருஷம் கழித்துச் சொல்லும்போது இது சகஜம்.

அந்த ஓட்டைக் காசு மூன்றாவது காலத்துக்குச் சாட்சி. கையில் எடுத்துப் பாருங்கள். ஒரு பக்கம் கிரீடமும் ஆண்டும் இருக்கும், மறுபக்கம் ஓட்டையைச் சுற்றி இலை வளையம். 1943-இல் வந்த 'ஓட்டைக் காலணா' அது. யுத்தத்துக்கு உலோகம் தேவைப்பட்டதால், காசின் நடுவிலிருந்து கூட உலோகத்தை மிச்சம் பிடித்தார்கள். அரிசி விஷயத்திலும் அதே நெருக்கடிதான். பர்மா கைவிட்டுப் போனதும் ரங்கூன் அரிசி நின்றது. 1943-இல் சென்னை நகரத்துக்கு ரேஷன் வந்தது. படியால் அளந்து பழகிய வீட்டுக்கு அரிசி அவுன்ஸ் கணக்கில் வந்தது. அரிசி போதாமல் போக, கோதுமை தமிழ் அடுப்பங்கரைக்குள் அழுத்தமாக நுழைந்த காலமும் அதுதான். மண்ணெண்ணெய்க்கும் கட்டுப்பாடு. தெரு விளக்குக்கு முகமூடி, ஜன்னலில் கறுப்புக் காகிதம், வெளிச்சம் தெரிந்தால் கதவைத் தட்டும் ஏ.ஆர்.பி. (விமானத் தாக்குதல் முன்னெச்சரிக்கை) வார்டன். கடிகாரத்தைக் கூட 1942 செப்டம்பரிலிருந்து 1945 அக்டோபர் வரை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளி வைத்திருந்தார்கள். யுத்தம் முடிந்தும் அரிசிக் கட்டுப்பாடு போகவில்லை. 1952-இல் முதலமைச்சரான ராஜாஜிதான் அதை நீக்கினார்.

நீங்கள் இருக்கும் ஈக்காட்டுத்தாங்கல் அன்றைக்கு நகர எல்லைக்கு வெளியே, அடையாற்றங்கரையில் இருந்த கிராமம். அந்தப் பக்கம் பரங்கிமலைக் கன்டோன்மென்ட், மீனம்பாக்கம் விமானத் தளம், யுத்தத்துக்காகத் தாம்பரத்தில் எழுந்த விமானப்படைத் தளம். ஊரைக் காலி செய்தவர்கள் ஒரு வழியில் போக, ராணுவம் இன்னொரு வழியில் வந்துகொண்டிருந்தது.

இதெல்லாம் ஏன் பாடப் புத்தகத்தில் இல்லை என்கிறீர்கள். எனக்குத் தெரிந்து இரண்டு காரணங்கள்.

ஒன்று, அது நம் யுத்தம் இல்லை. 1939 செப்டம்பர் 3-இல் வைஸ்ராய் லின்லித்கோ இந்தியர் யாரையும் கேட்காமல் நம்மை அதில் சேர்த்தார். அதை எதிர்த்து மாகாணங்களில் காங்கிரஸ் மந்திரிசபைகள் ராஜினாமா செய்தன, சென்னையில் ராஜாஜி உட்பட. 1942 ஆகஸ்டில் 'வெள்ளையனே வெளியேறு' இயக்கம் வந்தது. அந்த வருஷத்தைப் பற்றி எழுத உட்கார்ந்தவர்கள் எல்லாரும் ஆகஸ்டைத்தான் எழுதினார்கள். ஏப்ரல் விட்டுப்போயிற்று.

இரண்டாவது காரணம்தான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. இங்கிலாந்தில் 1939 செப்டம்பர் முதல் மூன்று நாளில் சுமார் 15 லட்சம் பேரை, பெரும்பாலும் பள்ளிக் குழந்தைகளை, சட்டையில் பெயர்ச் சீட்டுக் கட்டி நகரங்களிலிருந்து அரசு அனுப்பியது. அவர்களை ஏற்றுக்கொண்ட வீடுகளுக்குப் படிப்பணமும் தந்தது. எல்லாவற்றுக்கும் காகிதம் இருந்தது. அதற்கு மேல், 'மாஸ் அப்சர்வேஷன்' என்ற அமைப்பு சாதாரண ஜனங்களை நாட்குறிப்பு எழுதி அனுப்பச் சொன்னது. அன்றைய லங்காஷைர் கவுண்டியில் பாரோ என்ற ஊரில் இருந்த நெல்லா லாஸ்ட் என்ற இல்லத்தரசி சமையலையும் தையலையும் பயத்தையும் வருஷக்கணக்கில் எழுதினார். அது 1981-இல் புத்தகமாகவே வந்தது.

நம் ஊரில் அப்படிச் சீட்டும் இல்லை, படிப்பணமும் இல்லை. ஊரும் உறவும்தான் நம்மைத் தாங்கின. சித்தப்பா வீடு, அத்தை வீடு, தாத்தாவின் கூடம். ஆண்களில் பலர் வேலைக்காகச் சென்னையிலேயே தங்கினார்கள். பெண்களும் குழந்தைகளும் கும்பகோணத்திலும் திருச்சியிலும் அடுத்தவர் அடுப்பில் பங்கு போட்டுச் சமைத்தார்கள். திடீரென்று வந்த பத்துப் பேருக்கு உலை வைத்த பெண்ணின் பெயர் எந்த ஃபைலிலும் இல்லை. அந்தச் சரித்திரம் முழுக்கப் பெண்களின் வாயில்தான் இருந்தது. உங்கள் பாட்டியோடு அதில் ஒரு பகுதி போய்விட்டது. இதை எழுதும்போது எனக்கு வருத்தமாகவே இருக்கிறது.

ஆகவே நங்கநல்லூருக்கு இந்த வாரமே போங்கள். 1942-இல் அவருக்கு ஐந்து, ஆறு வயதுதான். தேதி சொல்ல முடியாது. ஆனால் அந்த வயதில் பார்த்த பொருளும் பட்ட வாசனையும் மறக்காது. "யுத்த காலம் எப்படி இருந்தது பாட்டி?" என்று கேட்காதீர்கள். "எனக்கு என்னடி தெரியும்" என்று முடித்துவிடுவார். சின்னச் சின்னதாகக் கேளுங்கள். ரயிலில் எங்கே உட்கார்ந்தீர்கள்? கும்பகோணத்தில் யார் வீடு, யார் சமைத்தார்கள், எத்தனை இலை போட்டார்கள்? அப்பா கூட வந்தாரா, சென்னையிலேயே இருந்துவிட்டாரா? கோதுமையை என்ன செய்து சாப்பிட்டீர்கள்? ஓட்டைக் காலணாவை அவர் உள்ளங்கையில் வைத்துவிட்டுக் கேளுங்கள். செல்போனில் பதிவு செய்து, அன்று ராத்திரியே அவர் சொன்ன வார்த்தையிலேயே எழுதி, தேதி போட்டு வையுங்கள். பாட்டியின் பெட்டியிலேயே வையுங்கள்.

முதல் கேள்வியாக இதைக் கேளுங்கள்: மயிலாப்பூர் வீட்டைப் பூட்டிய சாவி யாரிடம் இருந்தது?