ஒரு செயலுக்கு ஒரே சொல்

கேள்வி: பழைய பிளேஸ்டேஷன் கேம் கோப்புகளை சிஎச்டி (CHD) என்னும் சுருக்கிய வடிவமாக ஆக்கும் செய்முறையை, சென்னை ரிச்சி தெரு நண்பர்களுக்காக எளிய தமிழில் திருத்தி எழுதுகிறேன். 'மாற்று' என்பதே திரும்பத் திரும்ப வருகிறது. வேறு சொற்கள் போடலாமா?
– வாசகர், சிந்தாதிரிப்பேட்டை

பதில்: அலுப்புத் தட்டுகிறதே என்று போடாதீர்கள். கதையில் அழகு சேர்க்கும் சொல்மாற்றம் செய்முறையில் குழப்பம் தரும். செயல் வேறானால் மட்டும் சொல்லும் வேறாகட்டும். '.கியூ', '.பின்' கோப்புகளை சிஎச்டி ஆக்குவது 'மாற்று'. ஜிப்பைத் திறப்பது 'பிரி'. வேறு ஃபோல்டருக்குக் கொண்டுபோவது 'நகர்த்து'. பெயரைத் திருத்துவது 'மறுபெயரிடு'. எல்லாமே 'மாற்று' என்றால், படிப்பவர் கோப்பின் பின்னொட்டை மட்டும் திருத்திவிட்டு வேலை முடிந்தது என்றிருப்பார். உள்ளே தரவு பழையபடியே இருக்கும். 'சுருக்கு' என்று எழுதினால் 'தரவு இழப்பின்றி' என்றும் சேருங்கள். மாற்றும் கருவியான சிஎச்டிமேனின் கட்டளைகளைத் திரையில் உள்ளபடியே விடுங்கள். பிறகு, புதியவர் ஒருவரிடம் கொடுத்துச் செய்யச் சொல்லுங்கள். அவர் தயங்கும் இடமே திருத்த வேண்டிய இடம்.