லாகாஷின் நீண்ட இரவு

இரண்டாம் ஆண்டு, பி.எஸ்ஸி. (இயற்பியல்)

பகலும் இரவும், அமாவாசையும் பௌர்ணமியும், மாரியும் கோடையும் சென்று சென்று திரும்புவன. இவற்றைக் கண்ட மனிதன் காலத்தையே ஒரு சக்கரமாக எண்ணினான். அச்சக்கரத்தின் ஒரு சுற்று மனித வாழ்நாளைவிட மிக நீண்டதாயிருந்தால் என்ன ஆகும்? இதற்கு விடையாக ஒரு கற்பனை உலகையே படைத்துக் காட்டியவர் ஐசக் அசிமோவ். அவரது 'நைட்ஃபால்' என்னும் சிறுகதை 1941 செப்டம்பரில் ஓர் அமெரிக்க அறிவியல் புனைகதை இதழில் வெளிவந்தது. அப்போது அவருக்கு வயது 21, வேதியியல் பயின்றவர். ஏறத்தாழ நம் வயதினர்!

ஆறு சூரியன்கள்

அவ்வுலகின் பெயர் லாகாஷ். அதன் வானில் ஆறு சூரியன்கள். ஒன்று மறைந்தால் மற்றொன்று ஒளிரும். ஆகவே அங்கு இரவே கிடையாது. விண்மீன்களை அங்கு எவரும் கண்டதில்லை. ஆனால் 2049 ஆண்டுகளுக்கு ஒருமுறை, பீட்டா என்னும் சிறிய செஞ்சூரியன் மட்டும் வானில் தனித்து நிற்கும் வேளையில், ஒரு துணைக்கோள் குறுக்கே வந்து அதனையும் மறைத்துவிடும். அரை நாளுக்கு மேல் இருள். இருளையே அறியாத மக்கள் அறிவு கலங்கி, ஒளி வேண்டிக் கைக்குக் கிடைத்ததையெல்லாம் கொளுத்துவர். நகரங்கள் சாம்பலாகும். இவ்வாறு குறைந்தது ஒன்பது நாகரிகங்கள், தத்தம் உச்சநிலையில், தீக்கிரையானதை அங்குள்ள தொல்லியலார் தோண்டிக் கண்டிருக்கின்றனர்.

கணக்கு காட்டிய கோள்

அந்தத் துணைக்கோளை எவரும் கண்ணால் கண்டதில்லை. ஓயாத சூரிய ஒளியில் அது தெரியாது. பின் எவ்வாறு அறிந்தனர்? ஈர்ப்பு விதிப்படி கணக்கிட்ட லாகாஷின் பாதையும், நோக்கி அறிந்த பாதையும் ஒத்துவரவில்லை. வேறொரு பொருள் அதனை ஈர்க்கிறது என்று கொண்டால் கணக்குச் சரியாகிறது. இது வெறுங்கற்பனையன்று. யுரேனஸின் பாதையில் கண்ட பிறழ்ச்சியை வைத்து லெவெரியர் கணக்கிட்டுச் சொன்ன இடத்திற்கு அருகில்தான், 1846-இல் காலே நெப்டியூனைக் கண்டார்.

கதையில் சுவையான இடம் ஒன்று உண்டு. ஒரே சூரியன் மட்டும் உள்ள கோள் இருந்தால் ஈர்ப்பு விதியைக் கண்டறிவது எளிதாயிருக்குமே என்கிறார் ஒரு வானியலார். ஆயினும் பாதி நேரம் இருளில் மூழ்கும் அத்தகைய கோளில் உயிர் வாழ முடியாது என்றும் முடிவு கட்டிவிடுகிறார். அந்தக் கோளில் வாழும் நாம் இதைப் படித்துப் புன்னகை புரிகிறோம்!

நம் வானின் சுழற்சி

நம் உலகிலும் கிரகணங்களுக்குச் சுழற்சி உண்டு. அதன் பெயர் சாரோஸ். அளவு ஏறத்தாழ 18 ஆண்டு, 11 நாள், 8 மணி. தமிழகத்தில் கோவை, திண்டுக்கல் போன்ற ஊர்களில் கங்கண கிரகணமாகத் தெரிந்த 2019 டிசம்பர் 26-ஆம் நாள் கிரகணம், 2001 டிசம்பர் 14-இல் நிகழ்ந்ததன் மறுசுற்றே. இதன் அடுத்த சுற்று 2038 ஜனவரி 5-இல் வரும். எஞ்சும் 8 மணி நேரத்தில் பூமி மூன்றில் ஒரு பங்கு சுழன்றுவிடுவதால், ஒவ்வொரு முறையும் அது வேறு நாட்டில் தெரியும்.

இச்சுழற்சியைப் பழங்காலத்திலேயே அறிந்திருந்தோர் பாபிலோனியர். தலைமுறை தலைமுறையாகக் கிரகணங்களைக் களிமண் ஏடுகளில் குறித்து வைத்தனர். 18 ஆண்டு என்பது ஒருவர் தம் வாழ்நாளில் இருமுறை, மும்முறை காணக்கூடிய காலம். களிமண்ணோ தீயில் பட்டால் மேலும் இறுகும். லாகாஷ் மக்களுக்கு இவ்விரண்டு வாய்ப்புகளும் இல்லை. அவர்களது சுழற்சி நீண்டது. அவர்களது ஏடுகளோ எரிபவை.

அழிவு எங்கிருந்து வந்தது?

வானத்தின் சுழற்சி வேறு, மனிதனின் வீழ்ச்சி வேறு என்பதே இக்கதையிலிருந்து நான் கண்ட பாடம். முன்னதைத் தடுக்க இயலாது. பின்னது அறியாமையால் வருவது. லாகாஷின் அறிஞர்கள் உண்மையைக் கண்டுபிடித்தனர், பந்தங்கள் செய்தனர், சில நூறு பேரை ஏடுகளுடன் ஒரு மறைவிடத்தில் காத்தனர். ஆனால் செய்தித்தாள்கள் அவர்களை ஏளனம் செய்தன; மக்கள் நம்பவில்லை. கிரகண நாளன்று ஒரு கூட்டம் ஆய்வுக்கூடத்தையே தாக்க வருகிறது. சிலரிடம் மட்டும் தங்கிய அறிவு ஊரைக் காக்கவில்லை.

எங்கள் குடும்பத்தில் கல்லூரிப் படியேறியவன் நானே முதல்வன். கிரகணம் என்றால் கதவடைத்து, சமைத்த உணவில் தருப்பை இட்டு வைப்பது எங்கள் வீட்டு வழக்கம். 2019-இல் நான் அட்டையில் ஊசித்துளை இட்டு, சுவரில் விழுந்த பிறைவடிவ ஒளியை என் தாய்க்குக் காட்டினேன். முதலில் தயங்கியவர், பின்பு அண்டைவீட்டாரையும் அழைத்து வந்தார். அவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஆயினும் நிழல் எவ்வாறு விழுகிறது என்பது அவருக்கு விளங்கிற்று.

நண்பர்களே, நாம் பெறும் பட்டம் நமக்கு வேலை தரலாம். ஆனால் வகுப்பறையில் கற்றதை வீட்டுத் திண்ணைவரை கொண்டு செல்லாவிடில், நாமும் மறைவிடத்தில் பதுங்கிய அறிஞர்களே ஆவோம். 2038-க்கு இன்னும் ஆண்டுகள் உள்ளன. அதற்குள் ஒவ்வொருவரும் நான்கு பேருக்காவது நிழலின் கணக்கைச் சொல்லிவைப்போம்.