நம்ம பிழையும் கொஞ்சம் இருந்தால் நட்டஈடு இல்லையா?

சட்டம் அறிவோம் – வாசிப்புப் பாடம்
(மாதர் சங்கக் கூட்டத்திலும் வாலிபர் கூட்டத்திலும் ஒருவர் வாசிக்க, மற்றவர்கள் கேட்டுப் பேசலாம்.)



ஸ்டோரிலோ மலையிலோ அடிபட்டு, கையில் கட்டோடு லயத்துக் காம்பராவில் உட்கார்ந்திருக்கும் ஒருவரிடம், "நட்டஈட்டுக்கு எழுதிப் போட்டீங்களா அண்ணே?" என்று கேட்டுப் பாருங்கள். பல தடவை வருகிற பதில் இதுதான்: "எங்கங்க... ஏங் குத்தமுந்தான் இருக்கு. எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டுப் போய்க் கேக்குறது?"

இந்த ஒரு வார்த்தையால் எத்தனையோ குடும்பங்கள் தங்களுக்குச் சேர வேண்டிய பணத்தைக் கேட்காமலே விட்டுவிடுகின்றன. விரல் போனவர் மறுபடி அதே வேலையைச் செய்ய முடியாது. பேர் குறைகிறது, சம்பளம் குறைகிறது, பிள்ளையின் படிப்பு நிற்கிறது. ஆனால் "என் பிழையும் இருக்கிறது" என்பதற்காக உரிமை தானாகப் போய்விடும் என்று சட்டம் சொல்லவில்லை. சட்டம் என்ன சொல்கிறது என்பதை இந்தப் பாடத்தில் பார்ப்போம்.

இரண்டு பாதைகள்

வேலையில் அடிபட்டவருக்கு இரண்டு பாதைகள் உண்டு. இரண்டையும் போட்டுக் குழப்பக் கூடாது.

முதலாவது, 1934ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கத் தொழிலாளர் நட்டஈட்டுக் கட்டளைச் சட்டம். இந்தச் சட்டத்தில் "தோட்ட நிர்வாகம் பிழை செய்ததா?" என்பது கேள்வியே இல்லை. வேலை காரணமாக, வேலை நேரத்தில் விபத்து நடந்ததா என்பதுதான் கேள்வி. அப்படி நடந்து, அதனால் வேலை செய்ய முடியாமல் போயிருந்தால் நிர்வாகம் நட்டஈடு கட்ட வேண்டும். இதைத் தீர்மானிப்பவர் கொழும்பிலுள்ள தொழிலாளர் நட்டஈட்டு ஆணையாளர்.

இரண்டாவது, மாவட்ட நீதிமன்றத்தில் நட்டஈட்டு வழக்கு. இங்கே எதிராளியின் கவனக்குறைவை நாம் நிரூபிக்க வேண்டும். வேலை கொடுத்தவர் மீது மட்டுமல்ல, வெளியாள் மீதும் இந்த வழக்கைப் போடலாம். ஆனால் ஒரே விபத்துக்கு நிர்வாகத்திடமிருந்து இரண்டு பாதையிலும் பணம் வாங்க முடியாது. ஆகவே வழக்குப் போடும் முன் ஆலோசனை கேட்பது அவசியம்.

நம்ம பிழையைப் பற்றி இரண்டு பாதையும் இரண்டு விதமாகப் பேசுகின்றன.

முதலாவது பாதை: கவனக்குறைவு வேறு, வேண்டுமென்றே செய்வது வேறு

ஒரு உதாரணம் எடுத்துக்கொள்வோம். ஸ்டோரில் வேலை செய்யும் ஒரு தம்பி. கொழுந்து போகும் பெல்ட்டில் இலை சிக்கிவிட்டது. மெசினை நிப்பாட்டிவிட்டுத்தான் எடுக்க வேண்டும். நிப்பாட்டினால் வேலை தாமதமாகும், சத்தம் போடுவார்கள். மெசின் ஓடும்போதே கையை விட்டார். இரண்டு விரல் போய்விட்டது.

இது அவருடைய கவனக்குறைவுதான். ஆனால் எந்த வேலையைச் செய்யும்போது கவனம் தவறினார்? தோட்டத்து வேலையைச் செய்யும்போது. வெறும் கவனக்குறைவுக்காகவும் அவசரத்துக்காகவும் இந்தச் சட்டம் நட்டஈட்டை மறுப்பதில்லை. "உன் பிழை பாதி, ஆகவே பாதிப் பணம்" என்று வெட்டுவதும் இந்தச் சட்டத்தில் இல்லை.

சட்டம் மறுப்பது மூன்று காரணங்களுக்காக. விபத்து இந்தக் காரணங்களில் ஒன்றால் நேரடியாக ஏற்பட்டிருக்க வேண்டும்:

1. விபத்து நடந்த நேரத்தில் குடிவெறியிலோ போதையிலோ இருந்தது.

2. தொழிலாளரின் பாதுகாப்புக்காகத் தெளிவாகக் கொடுத்த கட்டளையை, அல்லது தெளிவாக வைத்த விதியை, வேண்டுமென்றே மீறியது.

3. பாதுகாப்புக்காக வைத்திருக்கிறார்கள் என்று தெரிந்தும், மெசின் மூடியையோ வேறு பாதுகாப்புச் சாதனத்தையோ வேண்டுமென்றே கழற்றியது அல்லது அலட்சியம் செய்தது.

ஒவ்வொரு வார்த்தையையும் நிதானமாகப் பார்க்க வேண்டும். நம் தம்பியின் கதையையே எடுங்கள். அந்த பெல்ட்டுக்கு மூடி இருந்ததா? இருந்தது என்றால் கழற்றியது யார்? பழுது பார்க்கக் கழற்றிய மூடியைப் பல மாதமாகத் திரும்பப் போடவில்லை என்றால், அந்தப் பிழை தம்பியின் தலையில் விழாது. 1942ஆம் ஆண்டின் 45ஆம் இலக்கத் தொழிற்சாலைகள் கட்டளைச் சட்டப்படி, ஆபத்தான மெசின் பாகங்களுக்குத் தடுப்புப் போட வேண்டிய கடமை தொழிற்சாலையை நடத்துபவருக்கு உண்டு. தேயிலை ஸ்டோரும் ஒரு தொழிற்சாலைதான்.

அடுத்தது, "ஓடும் மெசினில் கை விடாதே" என்று யாராவது தெளிவாகச் சொன்னார்களா? சுவரில் ஒரு போர்டு இருந்தாலும் அது அவருக்கு விளங்கும் மொழியில் இருந்ததா? எல்லாரும் தினமும் அப்படித்தான் கை விட்டு எடுக்கிறார்கள், சுப்பர்வைசரும் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறார் என்றால், "விதியை வேண்டுமென்றே மீறினான்" என்று சொல்வது நிர்வாகத்துக்குச் சுலபமாக இருக்காது. இந்த மூன்று காரணங்களில் ஒன்றைக் காட்டித் தப்ப நினைப்பவர்தான் அதை நிரூபிக்க வேண்டும்.

குடி விசயத்திலும் அப்படியே. கவ்வாத்து வெட்டும் ஒருவர் முந்தின நாள் இரவு குடித்தார் என்பது போதாது. விபத்து நடந்த நேரத்தில் வெறியில் இருந்திருக்க வேண்டும். அந்த வெறியே விபத்துக்கு நேரடிக் காரணமாகவும் இருக்க வேண்டும். மேலே இருந்து கல் சரிந்து விழுந்தால், கீழே நின்றவர் குடித்திருந்தாலும் குடிக்காவிட்டாலும் கல் விழத்தான் செய்யும். ஆனாலும் தோழர்களே, வேலைக்குப் போகும்போது குடித்திருந்தால் வழக்கு மிகவும் பலவீனமாகும் என்பதை மறைக்க முடியாது.

முக்கியமான இன்னொரு விசயம். விபத்தில் தொழிலாளி இறந்துவிட்டால் இந்த மூன்று காரணங்களையும் காட்டிக் குடும்பத்தின் நட்டஈட்டை மறுக்க முடியாது. "அவரு குடிச்சிருந்தாரு, ஒங்களுக்கு ஒண்ணும் கிடைக்காது" என்று யாராவது விதவைத் தாயிடம் சொன்னால் அதை நம்பிவிட வேண்டாம்.

வேலைக்குச் சம்பந்தமில்லாத காரியம் வேறு. வேலை நேரத்தில் சொந்தத் தேவைக்கு விறகு வெட்டப் போய் விழுந்தால், அது வேலை காரணமாக நடந்த விபத்தா என்ற கேள்வி வரும். 2022ஆம் ஆண்டுத் திருத்தத்தின் மூலம், வேலைக்கு வரும் வழியிலும் வேலை முடிந்து வீடு திரும்பும் வழியிலும் நடக்கும் விபத்துக்களும் சட்டத்துக்குள் கொண்டுவரப்பட்டன. ஆனால் வழியில் வேறு காரியத்துக்குத் திரும்பியிருந்தால் அங்கும் கேள்வி எழும்.

கிடைக்கும் தொகை சம்பளத்தையும், உடல் எவ்வளவு பாதிக்கப்பட்டது என்பதையும் பொறுத்தது. எந்த உறுப்பு போனால் எத்தனை வீதம் என்று சட்டத்தில் அட்டவணை உண்டு. 2005இல் ஆகக்கூடிய தொகை 5,50,000 ரூபா ஆக்கப்பட்டது. 2022ஆம் ஆண்டுத் திருத்தம் அதை 20 இலட்சமாகக் கூட்டியது.

இரண்டாவது பாதை: பிழையைப் பங்கு போடுதல்

இன்னொரு உதாரணம். கொழுந்துச் சாக்கோடு ஒரு அக்கா றோட்டைக் கடக்கிறார். வளைவில் இரண்டு பக்கமும் சரியாகப் பார்க்கவில்லை. வெளியாளின் லொறி ஒன்று வேகமாக வந்து அடித்துவிட்டது. லொறிக்காரர், "அந்தம்மா பாக்காம குறுக்க வந்தாங்க" என்கிறார்.

இரண்டு பேரிலும் பிழை உண்டு. இப்படிப்பட்ட வழக்குக்காகவே 1968ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம் இருக்கிறது. அடிபட்டவரின் பிழையும் சேர்ந்திருக்கிறது என்பதற்காக வழக்கு தள்ளுபடியாகாது. அவருடைய பங்குக்கு ஏற்ப, நீதிமன்றம் நியாயமென்று காணும் அளவுக்குப் பணம் குறையும்.

கணக்காகச் சொன்னால், அக்காவின் நட்டம் 10 இலட்சம் என்றும், அவருடைய பிழை 100க்கு 30 என்றும் நீதிமன்றம் காண்கிறது என்று வைப்போம். 3 இலட்சம் கழியும், 7 இலட்சம் கிடைக்கும். "ஏங் குத்தமும் இருக்கு" என்று வீட்டில் இருந்துவிட்டால் அந்த 7 இலட்சமும் இல்லை.

இந்த வழக்கை விபத்து நடந்து இரண்டு வருசத்துக்குள் போட வேண்டும். முதலாவது பாதைக்கும் கால எல்லை உண்டு. ஆகவே "காயம் ஆறட்டும், பெறகு பாப்போம்" என்று இருந்துவிடக் கூடாது.

பிழையை எப்படிச் சொல்வது?

இங்கேதான் நம்மவர்கள் இரண்டு விதமாகத் தவறுகிறார்கள். ஒன்று, துரைக்கு முன்னால் நின்றவுடன், "எல்லாம் என் பிழைதானுங்க ஐயா" என்று சொல்லிவிடுவது. மற்றது, பயத்தில் பொய் சொல்வது: "மெசின் நின்னுக்கிட்டுதான் இருந்திச்சு." இரண்டுமே கெடுதல். முதலாவது, நடந்ததை யாரும் விசாரிக்க முன்னமே நமக்கு நாமே தீர்ப்புச் சொல்வது. இரண்டாவது, பக்கத்தில் நின்றவர் உண்மையைச் சொன்னதும் மற்ற உண்மைகளையும் சேர்த்துக் கெடுத்துவிடும்.

நடந்ததை நடந்தபடி சொல்லுங்கள். "மெசின் ஓடிக்கொண்டிருந்தது. இலை சிக்கியது. நான் கையை விட்டேன். மூடி இல்லை. சுப்பர்வைசர் பக்கத்தில் நின்றார். நிப்பாட்டச் சொல்லி யாரும் சொல்லவில்லை." இதில் பொய் ஒன்றும் இல்லை. சட்டம் மறுக்கும் காரணம் ஏதும் இருக்கிறதா என்று பார்ப்பது ஆணையாளரின் வேலை.

என்ன செய்ய வேண்டும்?

1. அன்றே கங்காணியிடம் அல்லது சுப்பர்வைசரிடம் சொல்லிப் பதியச் செய்யுங்கள். திகதி, நேரம், மலை நம்பர் அல்லது ஸ்டோரில் எந்த இடம் என்பதை வீட்டிலும் ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள்.

2. தோட்டத்து டிஸ்பென்சரியிலும் ஆஸ்பத்திரியிலும், "வேலை செய்யும்போது நடந்தது" என்று தெளிவாகச் சொல்லுங்கள். வீட்டில் விழுந்ததாகச் சொல்லச் சொன்னால் சம்மதிக்காதீர்கள். ஆஸ்பத்திரித் துண்டுகள் எல்லாவற்றையும் பத்திரப்படுத்துங்கள்.

3. பக்கத்தில் நின்றவர்களின் பெயர்களை எழுதி வையுங்கள். மூடி இல்லாத மெசினை முடிந்தால் போனில் படம் எடுத்து வையுங்கள்.

4. சம்பளத் துண்டுகளைச் சேர்த்து வையுங்கள். நட்டஈட்டைக் கணக்குப் பார்ப்பது சம்பளத்தை வைத்துத்தான்.

5. வாசிக்கத் தெரியாத மொழியில் உள்ள கடதாசியில் கையெழுத்தோ பெருவிரல் அடையாளமோ வைக்க வேண்டாம். நட்டஈட்டு உரிமையை விட்டுக்கொடுக்கிறேன் என்று எழுதி வாங்கினாலும் அது செல்லாது. ஆனாலும் அப்படி ஒரு கடதாசி இருந்தால் அலைச்சல் கூடும்.

6. இறந்தவருக்கான நட்டஈடு ஆணையாளர் மூலமாகத்தான் குடும்பத்துக்குப் போக வேண்டும். செத்த வீட்டுச் செலவுக்கென்று கையில் கொடுக்கும் பணத்தோடு அந்தக் கணக்கு முடிவதில்லை.

7. நிர்வாகத்துக்கு எழுத்தில் அறிவியுங்கள். பிரதி ஒன்றைப் பதிவுத் தபாலில் ஆணையாளருக்கு அனுப்பி, தபால் துண்டை வைத்துக்கொள்ளுங்கள். தோட்டக் கமிட்டித் தலைவரும் சங்கத்தின் மாவட்டக் காரியாலயமும் உதவுவார்கள். நீதிமன்ற வழக்கென்றால், வசதி இல்லாதவர்கள் 1978இல் அமைக்கப்பட்ட சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம்.

கடிதம் நீளமாக இருக்கத் தேவையில்லை. இப்படி எழுதினால் போதும்:

"ஐயா, நான் தங்கள் தோட்டத்தில் வேலை செய்யும் தொழிலாளி. என் செக்ரோல் இலக்கம் ...... இன்ன திகதி, இன்ன நேரம், ஸ்டோரில் பெல்ட்டில் சிக்கிய இலையை எடுக்கும்போது என் வலது கை அடிபட்டு இரண்டு விரல்கள் போய்விட்டன. அப்போது இன்னார் இன்னார் பக்கத்தில் நின்றார்கள். இன்ன ஆஸ்பத்திரியில் இத்தனை நாள் இருந்தேன். சட்டப்படி எனக்குச் சேர வேண்டிய நட்டஈட்டைத் தருமாறு கேட்டுக்கொள்கிறேன்."

பாருங்கள், இதில் யாரையும் ஏசவில்லை. தன்னையும் ஏசிக்கொள்ளவில்லை.

இந்தப் பாடத்தை வாசித்துவிட்டு, "பிழை செஞ்சாலும் பணம் வரும்தானே" என்று யாரும் நினைக்கக் கூடாது. எத்தனை இலட்சம் வந்தாலும் போன விரல் வராது. மூடி இல்லாத மெசினைக் கண்டால் அடிபட முன்னமே சொல்லுங்கள், தலைவரைக் கொண்டு எழுதிக் கொடுங்கள். அந்தக் கடிதம் ஒரு கையைக் காப்பாற்றலாம். அப்படியும் காப்பாற்ற முடியாமல் போனால், "நாங்கள் முன்னமே சொன்னோம்" என்பதற்கு அதுவே சாட்சி.

கூடிப் பேசுவோம்

1. நம் ஸ்டோரில் மூடி இல்லாத மெசின் இருக்கிறதா? எத்தனை நாளாக?

2. நம் தோட்டத்தில் அடிபட்டு, "என் குத்தம்" என்று பேசாமல் இருப்பவர் யார்? அவருக்கு இன்னும் காலம் இருக்கிறதா?

3. களைக்கொல்லி அடிப்பவருக்கு முகமூடி கொடுக்காமல், அவர் மயங்கி விழுந்தால் அது யார் பிழை? முகமூடி கொடுத்தும், "வேர்க்குது" என்று கழற்றி வைத்திருந்தால்?

மூன்றாவது கேள்விக்கு உடனே பதில் சொல்லிவிட வேண்டாம். மேலே சொன்ன மூன்று காரணங்களை மறுபடி ஒரு முறை வாசித்துவிட்டுப் பேசுங்கள்.