ஒலிவாங்கியின் முன் நாடகக் குரல்

மதுரை முதல் ஏலமலை அடிவாரத்துப் போடிநாயக்கனூர் வரை, திருவிழாக் காலங்களில் இசைநாடகங்கள் விடியவிடிய நடந்தன. ஒலிபெருக்கி இல்லாத அந்நாளில், கடைசி வரிசையில் அமர்ந்திருப்பவர் செவிக்கும் எட்டுமாறு உச்சத்தில் பாட வல்லவரே நடிகராக மதிக்கப்பட்டார். எஸ்.ஜி. கிட்டப்பாவும் கே.பி. சுந்தராம்பாளும் அத்தகைய குரல்வளத்தால் புகழ்பெற்ற இணையர்.

அமெரிக்காவில் 1926-இல் ஒலியோடு இணைந்த வைட்டாஃபோன் படங்கள் வெளிவந்தபோது, அவற்றில் இசைநாடகப் பாடகர் ஜியோவன்னி மார்ட்டினெல்லி பாடினார். தமிழிலும் 1931-இல் ‘காளிதாஸ்’ வெளிவந்தபின் மேடைக் கலைஞர்களையே திரையுலகம் நாடியது. வேறு வழியும் அதற்கில்லை. பின்னணி பாடும் முறை அன்று வழக்கில் இல்லாததால், நடிப்பவரே நடித்துக்கொண்டு பாட வேண்டும். பக்கவாத்தியக்காரர்கள் படப்பிடிப்புக் கருவியின் பார்வையில் படாமல் ஒதுங்கியமர்ந்து வாசிப்பர். இடையில் எவரேனும் தடுமாறினால், அக்காட்சியை மீண்டும் தொடக்கத்திலிருந்து எடுக்க நேரும்.

கிட்டப்பா திரையில் தோன்றாமலே 1933-இல், 27 வயதில் மறைந்தார். அவர் குரலை இன்று இசைத்தட்டுகளில் மட்டுமே கேட்க இயலும். துயரால் மேடையை விட்டு ஒதுங்கிய சுந்தராம்பாள், இனி எந்த ஆணுக்கும் இணையாக நடிப்பதில்லை என உறுதிபூண்டார். அவரைத் திரைக்கு அழைத்தவர்கள் ஒரு லட்சம் ரூபாய் ஊதியம் தந்தனர். அன்றைய நிலையில் அது எவரும் கேட்டறியாத தொகை. ஆயினும் அவர் தம் உறுதியைக் கைவிடவில்லை; 1935-இல் வெளிவந்த ‘பக்த நந்தனார்’ படத்தில் ஆண்வேடம் ஏற்று நந்தனாராகவே நடித்தார். வேதியராக நடித்தவர் கருநாடக இசை வித்துவான் மகாராஜபுரம் விசுவநாத ஐயர். நாடக மேடையின் குரலும் கச்சேரி மேடையின் குரலும் அப்படத்தில் ஒருங்கே ஒலித்தன.