மெட்டுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும்

சமூக அறிவியல் பாடத்தில் வெளிநாட்டு ஊர்களைப் பற்றியெல்லாம் படிக்கிறோம். தினமும் நிமிர்ந்து பார்க்கிற போடிமெட்டைப் பற்றி நமக்கு என்ன தெரியும்? அதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

அமைவிடம்

போடி டவுனிலிருந்து முந்தல் வழியாக மலை ஏறினால் 17 கொண்டை ஊசி வளைவுகள் வரும். ஏறி முடித்தால் மெட்டு. உயரம் ஏறக்குறைய 4,500 அடி. இந்தப் பக்கம் தேனி மாவட்டம், அந்தப் பக்கம் கேரளாவின் இடுக்கி மாவட்டம். மெட்டில் நின்று டீ குடிக்கிறவர் நாலு எட்டு வைத்தால் அடுத்த மாநிலம்!

மழையும் நீரும்

தென்மேற்குப் பருவமழையை மலை தடுத்துவிடுகிறது. அதனால் ஜூன், ஜூலையில் அங்கே அடைமழை, இங்கே வெறும் காற்று. நமக்கு ஐப்பசி, கார்த்திகை மழைதான் பெரிய மழை. நம் பக்கம் விழும் மழை கொட்டகுடி ஆறாகி வைகையில் சேரும். அந்தப் பக்கம் விழுவது பன்னியாறாகிப் பெரியாற்றில் சேர்ந்து அரபிக்கடலுக்குப் போகும். மலை தண்ணீரைப் பிரிக்கிறது. ஆட்களைப் பிரிக்கிறதா? இல்லை.

மக்கள் தொகை

2001ல் தேனி மாவட்டத்தில் 10,93,950 பேர், 2011ல் 12,45,899 பேர். இடுக்கியில் 2001ல் 11,29,221 பேர் இருந்தார்கள், 2011ல் 11,08,974 ஆகிவிட்டது. அதாவது 20 ஆயிரத்துக்கு மேல் குறைந்திருக்கிறது.

ஆனால் இது ஆட்கள் குடியிருக்கும் இடத்தை வைத்து எடுத்த கணக்கு. பகல் கணக்கு வேறு. எங்கள் தெருவில் 14 வீடு. அதில் 9 வீட்டிலிருந்து விடியும் முன்னே ஜீப் ஏறி, மெட்டைத் தாண்டி ஏலத்தோட்ட வேலைக்குப் போகிறார்கள். எங்கம்மாவும் போகும். ஏலக்காய் செடியின் தூரில்தான் காய்க்கும். நாள் முழுக்கக் குனிந்தும் குத்த வைத்தும்தான் காய் எடுக்கணும். 5 கிலோ பச்சைக்காயை ஸ்டோரில் காயவைத்தால் 1 கிலோ அளவுக்குத்தான் தேறும். நெருக்கியடித்துக்கொண்டு ஜீப்பில் போய்விட்டு இருட்டில்தான் இறங்கி வருவார்கள். மழையும் மூடுபனியும் உள்ள நாளில் எங்கம்மா வீட்டுக்கு வரும் வரைக்கும் எனக்குப் படிப்பு ஓடாது.

மொழி

1956 நவம்பர் 1ல் மொழிவாரியாக மாநிலங்கள் பிரிந்தன. தேவிகுளம், பீர்மேடு பகுதிகளைச் சென்னை மாநிலத்தோடு சேர்க்க வேண்டும் என்று தமிழர்கள் கேட்டார்கள். ஆனால் அவை கேரளாவோடு இருந்தன. இன்றும் மூணாறு, பூப்பாறை பக்கம் தமிழ் பேசுகிறவர்கள் நிறைய.

எங்க அத்தை வீடு பூப்பாறையில். அத்தை மகள் ஆறாவது படிக்கிறாள், மலையாள மீடியம். போன லீவில் என்னிடம் கேட்டாள்: "மதினி, கணக்கெடுக்க வர்றவங்க தாய்மொழி என்னன்னு கேட்டா நான் எதைச் சொல்ல? ஸ்கூல்ல மலையாளம், வீட்ல தமிழ்." எனக்கும் பதில் தெரியவில்லை. டீச்சரிடம் கேட்டேன். "சின்ன வயசுல அம்மா பிள்ளைகிட்டப் பேசின மொழி எதுவோ அதுதான் தாய்மொழி. கணக்கெடுப்பு விதியே அதுதான்" என்றார்.

இதைப்போல வெளிநாட்டிலும் உண்டாம். 1920ல் ஓர் ஒப்பந்தத்தால் ஹங்கேரியின் எல்லை மாறியது. ஆட்கள் இடம் மாறவில்லை, ஆனால் பல கிராமங்கள் ருமேனியாவுக்குள் போய்விட்டன. இப்போதும் அங்கே ஹங்கேரிய மொழி பேசுகிறார்கள். ருமேனியச் சட்டப்படி ஓர் ஊரில் 100க்கு 20 பேருக்கு மேல் சிறுபான்மை மொழிக்காரர்கள் இருந்தால், ஊர்ப் பெயர்ப் பலகையில் அந்த மொழியும் இருக்க வேண்டும். பார்த்தீர்களா, ஊர்ப் பலகையில் எழுதுவதற்கே ஆள் கணக்கு வேண்டியிருக்கிறது!

நம் அரசியலமைப்பிலும் 350அ பிரிவு, மொழிச் சிறுபான்மைப் பிள்ளைகளுக்குத் தொடக்கக் கல்வியைத் தாய்மொழியில் தர மாநிலங்கள் வசதி செய்ய வேண்டும் என்கிறது. எத்தனை பேர் என்று தெரிந்தால்தானே பள்ளிக்கூடமும் வாத்தியாரும் கேட்க முடியும்?

முடிவுரை

2021ல் எடுத்திருக்க வேண்டிய மக்கள் தொகைக் கணக்கு கொரோனாவால் தள்ளிப்போனது. அடுத்த கணக்குக்கு 2027 மார்ச் 1 என்று நாள் குறித்திருக்கிறார்கள். உங்கள் வீட்டுக்கு வரும்போது ஒருத்தர் பெயரும் விடுபடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். தோட்ட வேலைக்குப் போன அம்மா அப்பாவின் விவரத்தை நீங்களே தெளிவாகச் சொல்லுங்கள்.

அத்தை மகளுக்கு நான் போனில் பதில் சொல்லிவிட்டேன். "அப்ப தமிழ்னே சொல்றேன் மதினி" என்றாள்.

நீங்களும் உங்கள் தெருவில் எத்தனை பேர் மெட்டைத் தாண்டி வேலைக்குப் போகிறார்கள் என்று எண்ணி வாருங்கள். எல்லாத் தெருக் கணக்கையும் சேர்த்து அடுத்த சுவரிதழில் எழுதலாம்.

இப்படிக்கு,
9ஆம் வகுப்பு மாணவி