மராபார் எதிரொலி: கதையும் கருங்கல்லும்

இ. எம். ஃபார்ஸ்டர் 1924இல் வெளியிட்ட ‘எ பாசேஜ் டு இந்தியா’ நாவலில் மராபார் என்றொரு குகைக்கூட்டம் வருகிறது. அதனுள் நின்று சிரித்தாலும், பெயர் சொல்லி அழைத்தாலும் ஒரே மந்தமான முழக்கம்தான் திரும்பி வரும். அதைக் கேட்ட மூதாட்டி ஒருத்தி வாழ்வின் மீதே பிடிப்பை இழக்கிறாள். அந்தக் கற்பனை முழக்கம் உண்மையான ஓர் இடத்தின் வரலாற்றையே மூடிவிட்டது. அதை விலக்கிப் பார்க்க வேண்டிய காலம் இது.

நம்பிக்கை: மராபார் என்றோர் ஊர் இருக்கிறது.

உண்மை: நாவலில் வரும் சந்திராப்பூர் நகரமும் மராபார் மலையும் கற்பனை. மூலம், ஃபார்ஸ்டர் 1913இல் நேரில் கண்ட பராபர் குகைகள். பீகாரின் ஜெகானாபாத் மாவட்டத்தில், கயைக்கு வடக்கே சுமார் 25 கி.மீ. தொலைவில் உள்ளன. பராபர் குன்றில் நான்கு, அருகிலுள்ள நாகார்ஜுனி குன்றில் மூன்று. டேவிட் லீன் 1984இல் இந்நாவலைப் படமாக்கியபோது பராபரில் எடுக்கவில்லை. பெங்களூருக்கு அருகே சாவனதுர்கா, ராமநகரம் பாறைகளில் குகைவாசல்களைக் குடைந்து எடுத்தார்.

நம்பிக்கை: மனிதக் கையால் குகைச் சுவர்களுக்கு இத்தனை வழுவழுப்பு வராது.

உண்மை: கி.மு. 3ஆம் நூற்றாண்டில், மௌரியர் காலத்தில், கருங்கல்லைக் குடைந்து கண்ணாடிபோல் மெருகேற்றியவர்கள் மனிதர்களே. சான்று பராபரின் லோமச ரிஷி குகை. அதன் வாசலில் மரவேலையைக் கல்லில் வடித்த வளைவும் யானை வரிசையும் உண்டு. உள்ளேயோ வேலை பாதியில் நின்றுபோயிற்று. சுவர் மின்னுகிறது, தரையிலும் கூரையிலும் உளித்தடம் அப்படியே கிடக்கிறது. முதலில் குடைந்து, பிறகு தேய்த்த வேலைமுறையை அந்தப் பாறையிலேயே படிக்கலாம்.

நம்பிக்கை: அந்த மெருகுதான் முழக்கத்துக்குக் காரணம்.

உண்மை: மெருகு கண்ணுக்குப் பெரிய வேறுபாடு, காதுக்கு அப்படியல்ல. 1000 ஹெர்ட்ஸ் ஒலியின் அலைநீளம் சுமார் 34 செ.மீ. சில மில்லிமீட்டர் ஆழமுள்ள உளித்தடம் அதற்கு ஒரு பொருட்டே இல்லை. மெருகில்லாத கருங்கல்லும் ஏறக்குறைய அதே அளவு ஒலியைத் திருப்பித் தரும். ஒலியை உறிஞ்சத் துணி, மரம், நுண்துளை உள்ள சுவர், மனிதக் கூட்டம் ஏதாவது வேண்டும். இங்கே நாற்புறமும் துளையற்ற கல்; வெளியேற ஒரு சிறு வாசல். உள்ளே புகுந்த ஒலி நெடுநேரம் அடங்காமல் சுற்றுவது அதனால்தான்.

நம்பிக்கை: குகையின் எதிரொலி எல்லாச் சொற்களையும் விழுங்கும்.

உண்மை: கண்டிப்பாகச் சொன்னால் அது எதிரொலியே அன்று. மூல ஒலியும் திரும்பும் ஒலியும் தனித்தனியாகக் கேட்கச் சுமார் 0.1 வினாடி இடைவெளி வேண்டும். அதற்குச் சுவர் குறைந்தது 17 மீட்டர் தள்ளி இருக்க வேண்டும். பராபரிலுள்ள சுதாமா குகையின் நீண்ட அறையே ஏறக்குறைய 10 மீட்டர்தான். திரும்பும் ஒலிகள் ஒன்றன்மேல் ஒன்றாகக் குவிந்து எதிர்முழக்கமாகின்றன.

சொல் ஏன் குழம்புகிறது? நெடில் நீண்டு ஒலிக்கும். க், ட், ப் போன்ற வல்லின மெய்கள் தீப்பொறிபோல் தோன்றி மறையும். முன்வந்த நெடில் அடங்குமுன் பின்வந்த வல்லினம் அதில் மூழ்கிவிடுகிறது. நிறுத்தி, நீட்டிப் பாடினால் குரல் செழிக்கும். படபடவென்று பேசினால் இரைச்சலே மிஞ்சும். ஃபார்ஸ்டர் இல்லாததைச் சொல்லவில்லை. இருந்ததை எல்லை வரை பெருக்கிவிட்டார்.

நம்பிக்கை: அசோகர் குடைவித்ததால் இவை பௌத்தக் குகைகள்.

உண்மை: தம் 12ஆம் ஆட்சியாண்டில் அசோகர் சுதாமா, விஸ்வஜோப்ரி குகைகளை ஆசீவகர் என்ற துறவிகளுக்கு அளித்ததாகக் கல்வெட்டே சொல்கிறது. நாகார்ஜுனிக் குகைகளை அவருடைய பேரன் தசரதனும் அவர்களுக்கே வழங்கினான். பௌத்தரான அசோகரும் அவர் பேரனும் பிற சமயத் துறவிகளுக்குக் கல்லில் குடைவித்துத் தந்த இருப்பிடங்கள் இவை.

ஆசீவகர் நமக்கு அயலார் அல்லர். மகளுக்கும் மருமகனுக்கும் நேர்ந்ததைக் கேட்ட கண்ணகியின் தந்தை மாநாய்கன் ஆசீவகர்முன் அறம் ஏற்றதாகச் சிலப்பதிகாரம் கூறுகிறது. மணிமேகலையில் ஆசீவகர் ஒருவர் தம் கொள்கையை விளக்குகிறார். நீலகேசியில் ஆசீவகவாதத்துக்கென ஒரு பகுதியே உண்டு. ஆனால் அவர்கள் எழுதிய நூல் எதுவும் நம் கைக்கு வரவில்லை. பெரும்பாலும் வாதத்தில் எதிர்த்தவர்கள் எழுதியவை வழியாக அவர்களை அறிகிறோம்.

பராபரிலோ, கல்வெட்டுகள் சிலவற்றில் ‘ஆசீவகர்’ என்ற சொல்லை மட்டும் பின்னால் யாரோ உளியால் கொத்திச் சிதைத்திருக்கிறார்கள். மற்ற எழுத்துகளைத் தொடவில்லை. நாவலில் சொற்களை அழிப்பது குகை. உண்மையில் குகை எந்தச் சொல்லையும் அழிக்கவில்லை. அழிக்க வந்தது ஒரு மனிதக் கை. அதையும் மீறி அறிஞர்கள் அந்தப் பெயரைப் படித்துவிட்டார்கள்.

பராபருக்குப் போகிறவர்கள் உள்ளே ஓடிக் குரல் கொடுக்குமுன் வாசலில் நின்று அந்தச் சிதைந்த வரியைப் பாருங்கள். பிறகு உள்ளே போய், அந்தப் பெயரையே மெதுவாக, நீட்டிச் சொல்லுங்கள். குகை அதைச் சிறிது நேரம் விடாமல் வைத்திருக்கும்.